பதினோராவது பத்தி

எங்கள் வழக்கில் நான்கு தீர்ப்பு வந்தது. அதில் இரண்டாவது அரைப் பக்கம். அந்தத் தாளைப் பின்புறம் ஏதாவது எழுதியிருக்கிறதா என்று நான் நிஜமாகவே திருப்பிப் பார்த்தேன். வெள்ளையாக இருந்தது.

வழக்கைச் சொல்வதற்கு முன்னால் நாங்கள் இருந்த வீட்டைச் சொல்ல வேண்டும். வீடு தெரியாமல் வழக்கு புரியாது. அந்த வீட்டைப் பற்றிப் பேச எனக்கும் ஒரு சாக்கு வேண்டியிருக்கிறது, அதை மறைப்பானேன்.

2001இல் எனக்குக் கல்யாணம். எனக்கு இருபது வயசு. ஊர் சேத்தியாத்தோப்பு. மாப்பிள்ளை ராஜாங்கம், குறிஞ்சிப்பாடிக்காரர், நெய்வேலி சுரங்கத்தில் காண்ட்ராக்ட் ஆள். கரி போகிற பெல்ட்டிலிருந்து கீழே சிந்துவதை அள்ளி மறுபடி பெல்ட்டில் போடுவது வேலை. பெர்மனென்ட் ஆட்களுக்குத்தான் டவுன்ஷிப்பில் குவார்ட்டர்ஸ். காண்ட்ராக்ட் ஆள் வெளியே மந்தாரக்குப்பத்தில் வாடகைக்கு இருக்கலாம், இல்லாவிட்டால் பெர்மனென்ட் ஆள் ஒருவருடைய குவார்ட்டர்ஸில் பின்பக்க அறையை ரகசியமாகப் பிடித்துக்கொள்ளலாம். ரகசியமாக, ஏனென்றால் குவார்ட்டர்ஸை உள்வாடகைக்கு விடக்கூடாது என்பது சட்டம். நாங்கள் பிடித்தது சிங்காரவேல் சார் வீட்டுப் பின்பக்கம். அவர் அனல்மின் நிலையத்தில் எலக்ட்ரீஷியன், திருவாரூர்ப் பக்கத்து ஆள். மனைவி கஸ்தூரியம்மாள்.

ஒரே அறை, மாமியாரும் எங்களோடுதான். அதை ஒட்டித் தகரம் போட்ட சமையல் இடம். முன்னால் ஒரு பலா மரம். அவ்வளவுதான். ஆனால் அது கரண்ட் போகாத வீடு. வெளியில் ஊரெல்லாம் மணிக்கணக்காக இருண்டு கிடந்த வருஷங்களில்கூட எங்கள் ஃபேன் சுற்றிக்கொண்டே இருந்தது. அகலமான தெருக்கள், இரண்டு பக்கமும் மரம், ஷிஃப்ட் மாறும் நேரத்தில் சங்கு. சங்கு கேட்டால் உலை வைப்பேன், அடுத்த சங்குக்குள் அவர் சைக்கிள் மணி கேட்கும். கொடியில் காயும் துணியை உதறினால் கரித்தூள் பறக்கும். வெள்ளை வேட்டியோடு வந்து தாலி கட்டிய மனுஷனை அதற்குப் பிறகு வெள்ளை வேட்டியில் நான் பார்த்ததே இல்லை.

ஞாயிற்றுக்கிழமைகளில் பலா மரத்தடியில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துகொண்டு தலையைக் காட்டுவார். நான் நரைமுடி பிடுங்க வேண்டும்.

"இந்த வயசுல இவ்ளோ நரையா?" என்று கேட்பேன்.

"எல்லாம் கரித்தூள் செய்யிற வேலை. மைன்ஸ்ல எல்லாருக்கும் இப்பிடித்தான்" என்பார். நம்பினேன். என்னை மாதிரி முட்டாள் கிடைப்பது அவருக்கும் சுலபமாக இருந்திருக்காது.

அந்த வீட்டில் வாடகை கொடுக்க ஒரு முறை இருந்தது. கஸ்தூரியம்மாள் கையில் வாங்க மாட்டார். ஒன்றாம் தேதி நான் போய் அவர் வீட்டு அரிசி டின் மூடிமேல் வைத்துவிட்டு, வேறு ஏதாவது பேசிவிட்டு வந்துவிட வேண்டும். "வாடகை வாங்கினியான்னு யாராச்சும் சாமி மேல சத்தியம் பண்ணச் சொன்னா, என் கை நீட்டி வாங்கலன்னு தைரியமா சொல்லலாம் இல்ல" என்பார். அரிசி டின்னுக்குச் சத்தியம் கிடையாது.

வருஷத்தில் இரண்டு மூன்று முறை டவுன்ஷிப் ஆபீஸிலிருந்து செக்கிங் வருவார்கள். அதற்காக கஸ்தூரியம்மாள் எனக்கு ஒரு பாடம் சொல்லிக் கொடுத்திருந்தார். யார் என்ன கேட்டாலும் இதுதான் பதில். அண்ணன் வூடு. ஊர்லேருந்து வந்திருக்கோம். வாடகை கிடையாது. சாப்பாட்டுச் செலவெல்லாம் அண்ணனே பாத்துக்குவாரு. கேஸ் சிலிண்டர் கொண்டு வருகிறவன், ஓட்டுக் கணக்கெடுக்க வந்த டீச்சர், தபால்காரர், எல்லோருக்கும் இதையே சொல்லிச் சொல்லி வாய் பழகிவிட்டது. என் மூத்த பெண், பெயர் தமிழ்மொழி, பேசக் கற்றபோது அப்பா, அம்மாவுக்கு அடுத்தபடி கற்றது "மாமா வூடு".

என் வீட்டுக்காரர் சிங்காரவேலுவை சார் என்றுதான் கூப்பிடுவார். செக்கிங் அன்றைக்கு மட்டும் மச்சான். ஒரு முறை வந்த ஆபீசர் கெட்டிக்காரர். "சிங்காரவேல் திருவாரூர் ஆச்சே, நீங்க குறிஞ்சிப்பாடின்னு சொல்றீங்க, எப்பிடி சம்பந்தம்?" என்று மடக்கினார். இவர் கொஞ்சமும் அசராமல், "எங்க தாத்தா காலத்துலயே பொண்ணு குடுத்து எடுத்த வூடுங்க சார். மச்சான், காபி குடிக்கிறீங்களா?" என்றார். சிங்காரவேல் சார் பயத்தில் வெலவெலத்துப்போய்த் தலையை ஆட்டினார். ஆபீசர் போன பிறகு நால்வரும் சமையலறையில் உட்கார்ந்து சிரித்த சிரிப்பு இன்னும் எனக்குக் கேட்கிறது. பொய்யாகத் தொடங்கிய அண்ணனும் அண்ணியும் நாளாக நாளாக நிஜமாகவே அண்ணனும் அண்ணியும் ஆகிவிட்டார்கள் என்பது வேறு விஷயம்.

2010 செப்டம்பரில், காலை ஷிஃப்டுக்குச் சைக்கிளில் போன அவரை மந்தாரக்குப்பம் வளைவில் ஒரு லாரி அடித்துவிட்டது. ஓட்டியவன்மேல்தான் தப்பு என்று எல்லோரும் சாட்சி சொன்னார்கள். எனக்கு அதைப் பற்றி எழுத இஷ்டமில்லை. அன்றைக்கு உலை வைத்திருந்தேன், அதை இறக்கியது யார் என்று இன்றுவரை தெரியாது.

இரண்டு பெண்கள், மாமியார் வள்ளியம்மாள், நான். விருத்தாசலத்தில் தனகோட்டி வக்கீல் வழக்குப் போட்டார். லாரியை இன்சூர் செய்த கம்பெனிதான் இழப்பீடு தர வேண்டும். அவர்கள் வக்கீல் என்னைக் குறுக்கு விசாரணை செய்த நாள்தான் என் தலையெழுத்தில் கோடு விழுந்த நாள்.

நல்ல மனுஷர் போலத்தான் இருந்தார். குரல் உயரவே இல்லை.

"அம்மா, இப்போ எங்க குடியிருக்கீங்க?"

கோர்ட்டில் காக்கி உடுப்பு, கோட்டு, பேனாவோடு எழுதிக்கொண்டிருக்கிற ஆள். எனக்கு அது செக்கிங் மாதிரியே இருந்தது. என்னை அறியாமல் வாய் திறந்துவிட்டது.

"அண்ணன் வூடுங்க."

"வாடகை எவ்ளோ குடுக்கிறீங்க?"

"வாடகை கிடையாதுங்க."

"வீட்டுக்காரர் இருக்கும்போதும் அங்கதானா?"

"ஆமாங்க. ஊர்லேருந்து வந்திருக்கோம்."

"சாப்பாட்டுச் செலவு?"

"எல்லாம் அண்ணனே பாத்துக்குவாருங்க."

தனகோட்டி நெற்றியில் கையை வைத்துக்கொண்டதைப் பார்த்த பிறகுதான் நான் சொன்னது எனக்கே உறைத்தது. அந்த வக்கீல் ஜட்ஜைப் பார்த்து, "இவங்க கணவர் சம்பாத்தியத்துல வாழவே இல்ல. அண்ணன் காப்பாத்தியிருக்காரு. அப்ப என்ன இழப்பு?" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். மாற்றிச் சொன்னால் சிங்காரவேல் சாருக்குக் குவார்ட்டர்ஸ் போய்விடும். ரிட்டயர் ஆக ஒன்றரை வருஷம் இருந்த மனுஷர். வாயை மூடிக்கொண்டு கூண்டிலிருந்து இறங்கினேன்.

அந்த ஜட்ஜ் நல்லவர். நல்லவர் என்பதைவிட, யோசித்தவர். 2012இல் அவர் எழுதிய தீர்ப்பில் என் பதிலுக்கே ஒரு பத்தி ஒதுக்கியிருந்தார். சாட்சியின் தகப்பனார் பெயர் சாமிக்கண்ணு, அந்த அண்ணனின் தகப்பனார் பெயர் வேறு, இருவருக்கும் ஊரும் வேறு. டவுன்ஷிப்பில் பிறர் குவார்ட்டர்ஸில் ஒண்டியிருப்பவர்கள் பயத்தில் சொல்லும் வழக்கமான பதில் இது. இதை வைத்து இறந்தவரின் சம்பாத்தியத்தை இல்லையென்று ஆக்க முடியாது. இப்படி எழுதி, அவர் சம்பளம், வயசு, குடும்பத்தில் இத்தனை பேர் என்று ஒவ்வொன்றாகச் சொல்லி, பதினொரு லட்சத்து நாற்பதாயிரம் என்று முடித்திருந்தார். சார் பெயரை அவர் எழுதவே இல்லை. 'அண்ணன் எனப்படுபவர்' என்று மட்டும் போட்டிருந்தார். அதற்காகவே அவர் காலில் விழலாம் என்று கஸ்தூரியம்மாள் சொன்னார்.

இன்சூரன்ஸ் கம்பெனி மேல்கோர்ட்டுக்குப் போனது. அதற்குள் சார் ரிட்டயர் ஆகி, குவார்ட்டர்ஸைக் காலி செய்து திருவாரூருக்குப் போய்விட்டார். அண்ணி லாரியில் ஏறுமுன் அந்த அரிசி டின்னை என்னிடம் கொடுத்தார். நாங்கள் மந்தாரக்குப்பத்தில் ஒரு சந்துக்குக் குடிபோனோம். ஜவுளிக் கடையில் புடவை மடிக்கும் வேலை கிடைத்தது. ரோட்டுக்கு அந்தப் பக்கம் டவுன்ஷிப், இந்தப் பக்கம் நாங்கள். அதே சங்குதான் இங்கேயும் கேட்கும். உலை வைக்க வேண்டும் என்று இன்னமும் கை பரபரக்கும்.

2014இல் வந்தது அந்த அரைப் பக்கம். இங்கிலீஷில் இருந்ததைத் தனகோட்டி தமிழில் சொன்னார். "இருதரப்பு வாதங்களையும் கேட்டோம். சூழ்நிலைகளைக் கருத்தில் கொண்டு பார்க்கையில், இழப்பீட்டை ஆறு லட்சமாகக் குறைப்பது நியாயமாக இருக்கும்."

"அப்புறம்?" என்றேன்.

"அவ்ளோதாம்மா."

அப்போதுதான் தாளை வாங்கித் திருப்பிப் பார்த்தேன்.

"எதனால கொறைச்சாங்க?"

"தெரியலம்மா. அவங்க அப்பீல்ல பதினோரு பாயிண்ட் எழுதியிருந்தாங்க. அண்ணன் வூடுன்னு நீங்க சொன்னதுதான் முதல் பாயிண்ட். அதுக்கா, வேற எதுக்காவதான்னு இதுல ஒண்ணும் போடல."

அவருக்குத் தெரியாவிட்டால் என்ன, எனக்குத் தெரியும். என் நாக்கு. புருஷன் செத்துப்போன பிறகு கூண்டில் ஏறி, அவன் எங்களுக்குச் சோறு போடவில்லை என்று சொன்னவள் நான். அதை ஒருத்தர் மன்னித்தார், இன்னொருத்தர் மன்னிக்கவில்லை. என் புருஷனுடைய விலையில் பாதியை நானே வெட்டிவிட்டேன். புடவை மடிக்கும்போதும் அதுதான், பஸ்ஸில் நிற்கும்போதும் அதுதான். தமிழ்மொழியின் ஸ்கூல் பீஸுக்கு நான் கையைப் பிசையும்போதெல்லாம் "வாடகை கிடையாதுங்க" என்று என் குரலே எனக்குக் கேட்கும்.

அந்த வருஷம் ஆடியில் எனக்கு முப்பத்துமூன்று முடிந்தது. அவர் இறந்தபோது அவருக்கு முப்பத்துமூன்று. அடுத்த ஆடியில் நான் அவரைவிட மூத்தவள் ஆகிவிடுவேன் என்று தோன்றியபோது எனக்கு ரொம்பக் கூச்சமாக இருந்தது. அவரை விட்டுவிட்டு நான் மட்டும் முன்னால் நடந்து போகிற மாதிரி இருந்தது. அன்றைக்கு அழுதேன்.

மேல்கோர்ட்டு குறைத்ததைக் கஸ்தூரியம்மாளிடம் போனில் சொன்னேன். "அந்தப் பாடத்தை உனக்குச் சொல்லிக் குடுத்தது நான்தானே பொற்கொடி" என்றார். இதற்குப் பிறகு நாங்கள் பேசிக்கொள்வது குறைந்துபோனது. போன் செய்தால் இரண்டு பேரும் அதைத்தான் நினைப்போம். சண்டை ஒன்றும் இல்லை, ஆனாலும் குறைந்துவிட்டது. எனக்குக் குறைந்துபோன பணத்தைவிட அதுதான் பெரிய நஷ்டமாக இருந்தது.

"கிடைச்சதை வாங்கிக்கினு விட்டுடுவோம்" என்றார் மாமியார். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஒரு நாள் கடையில் ஒரு பெண்ணுக்கு அரை நாள் சம்பளம் பிடித்தார்கள். அவள் எதற்கு என்றுகூடக் கேட்காமல் போனாள். எனக்கு என் வீட்டுக்காரர் ஞாபகம் வந்தது. ஒரு முறை காண்ட்ராக்டர் இவருக்கு மஸ்டரில், அதாவது வருகைப் பதிவில், அரை நாளை அடித்துவிட்டான். ஷிஃப்ட் முடிந்து இரண்டு மணி நேரம் அந்த ஆபீஸ் வாசலிலேயே நின்றுவிட்டு வந்தார். அரை நாள் கிடைத்ததா என்று கேட்டேன். "இல்ல" என்றார். "அப்புறம் எதுக்கு அங்க நின்னுக்கினு இருந்தீங்க?"

"அரை நாள் போனா போவுது. எதுக்கு அடிச்சன்னு சொல்லுன்னு நின்னேன். அஞ்சு நிமிஷம் லேட்டாம், சொன்னான். சரிதான்னு வந்துட்டேன். சொல்லாம அடிச்சா அது திருட்டு. சொல்லிட்டு அடிச்சா அது கணக்கு" என்று சொல்லிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார்.

அடுத்த வாரமே தனகோட்டியிடம் போனேன். "சார், பணத்தைக் கூட்டிக் குடுக்கச் சொல்லல. எதுக்குக் கொறைச்சாங்கன்னு எழுதச் சொல்லணும். அதுக்கு எங்க போவணும்?"

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "டெல்லிக்குத்தாம்மா போவணும்."

பெண்களுக்கு இலவசச் சட்ட உதவி இருக்கிறது என்று அவரே சொல்லி, மனு எழுதி அனுப்பினார். நானும் அவரும் டெல்லியைப் பார்த்ததில்லை. எங்கள் வழக்குக் கட்டு மட்டும் போனது. 2016 தொடக்கத்தில் பதில் வந்தது. தனகோட்டி எழுந்து நின்று வாசித்தார், ஆபீஸில் நானும் ஃபேனும் மட்டும்தான்.

"கீழே உள்ள தீர்ப்பாயம் சாட்சியத்தை அலசிக் காரணம் சொல்லி ஒரு தொகையைக் கொடுத்திருக்கிறது. அதை மாற்ற மேல்கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. ஆனால் மாற்றினால் ஏன் மாற்றினோம் என்று சொல்ல அது கடமைப்பட்டிருக்கிறது. சூழ்நிலைகளைக் கருத்தில் கொண்டு என்பது காரணம் ஆகாது. எந்தச் சூழ்நிலை என்று சொல்ல வேண்டும். தோற்றவருக்கும் தாம் ஏன் தோற்றோம் என்று தெரிய வேண்டும்."

கடைசி வரியை நானும் ஒரு முறை சொல்லிப் பார்த்தேன். தோற்றவளுக்குத் தெரிய வேண்டும். அவர் காண்ட்ராக்டர் ஆபீஸ் வாசலில் நின்று கேட்டதை டெல்லியில் யாரோ இங்கிலீஷில் எழுதியிருக்கிறார்கள்.

"அப்ப எவ்ளோன்னு போட்டிருக்காங்க?"

"ஒண்ணும் போடலம்மா. மறுபடி அதே மேல்கோர்ட்டு விசாரிக்கணும். காரணத்தோட எழுதணும். அவ்ளோதான் உத்தரவு."

"திரும்ப அங்கயேவா?" என்றேன். கொஞ்சம் சத்தமாகவே கேட்டுவிட்டேன் போலிருக்கிறது. பக்கத்துக் கடைக்காரர் எட்டிப் பார்த்தார்.

இன்னும் ஏறக்குறைய இரண்டு வருஷம். 2017 நவம்பரில் பதினான்கு பக்கத்தில் புதுத் தீர்ப்பு வந்தது. கடைக்கு லீவு சொல்லிவிட்டு விருத்தாசலம் போனேன். பயம்தான். இதுவரை என் நாக்குதான் காரணம் என்று நான் சொல்லிக்கொண்டிருந்தேன். இனிமேல் கோர்ட்டே சொல்லும்.

தனகோட்டி பக்கத்தைப் புரட்டி, விரலை வைத்துச் சொன்னார். "ஒன்பதாவது பத்தி, உங்களைப் பத்தி. வாசிக்கிறேன். 'சாட்சி தன் சகோதரர் வீட்டில் வாடகையின்றி வசிப்பதாகச் சொன்னதைத் தீர்ப்பாயம் சரியாகவே புரிந்துகொண்டிருக்கிறது. அப்படியே அவர் சொன்னது உண்மையாக இருந்தாலும், உடன்பிறந்தவர் இரக்கத்தால் செய்யும் உதவி, கணவரின் சம்பாத்தியத்தை ஒரு ரூபாய்கூடக் குறைக்காது. இந்த வாதம் நிராகரிக்கப்படுகிறது.'"

"இன்னொரு தரம் வாசிங்க" என்றேன்.

வாசித்தார். மூன்றாம் தரமும் வாசித்தார். ஒரு ரூபாய்கூடக் குறைக்காது. ஐந்தரை லட்சம் என்று நான் என் தலையில் எழுதி வைத்திருந்ததற்கு ஒரு ரூபாய்கூட இல்லை. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"அப்ப பதினொரு லட்சமும் நிக்குதா?"

"கிட்டத்தட்ட. அறுபத்தேழாயிரத்து ஐந்நூறு மட்டும் கொறைச்சிருக்காங்க. காரணம் எழுதியிருக்காங்க. பதினோராவது பத்தி." செருமிக்கொண்டார். "வயசும்மா."

"யார் வயசு?"

"உங்க வூட்டுக்காரர் வயசு. வாக்காளர் அட்டையில இருக்கிற வயசு முப்பத்துமூணு. அதைத்தான் கீழ்க்கோர்ட்டு எடுத்துக்கிச்சு. ஆனா குறிஞ்சிப்பாடி ஸ்கூல் ரிஜிஸ்டர்ல அவர் பொறந்தது எழுபத்துநாலு. ஹெட்மாஸ்டரே வந்து சாட்சி சொல்லியிருக்காரு, நீங்க வராத அன்னைக்கு. அந்த ரிஜிஸ்டரை ஏன் ஏத்துக்கலன்னு கீழ்க்கோர்ட்டு ஒண்ணும் எழுதல. எல்லாக் கேஸ்லயும் வயசைப் பத்தி ஒரு பாயிண்ட் எழுதுவாங்கன்னு நானும் உங்களுக்குச் சொல்லாம விட்டுட்டேன். செத்தப்போ அவருக்கு முப்பத்தாறு. முப்பத்தஞ்சு தாண்டினா வருஷச் சம்பாத்தியத்தைப் பதினாறால பெருக்காம பதினஞ்சாலதான் பெருக்கணும். அதனால ஒரு வருஷம் கழிஞ்சிடுச்சு."

"முப்பத்தாறா?"

"முப்பத்தாறு."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கண்ணீர் காயவில்லை, அதற்குள் சிரிப்பு. கரித்தூளாம்! ஒன்பது வருஷம் பலா மரத்தடியில் உட்கார வைத்து எத்தனை நரைமுடி பிடுங்கியிருப்பேன். தனகோட்டி பயந்துபோய்த் தண்ணீர் எடுத்துக் கொடுத்தார். "இந்த அறுபத்தேழாயிரத்துக்கும் மேல போலாமாம்மா?" என்று கேட்டார். நாளைக்குச் சொல்கிறேன் என்று எழுந்தேன். முதலில் ஒருத்தரைக் கேட்க வேண்டியிருந்தது.

ஆனால் நேராக வீட்டுக்குப் போக மனசு வரவில்லை. டவுன்ஷிப்பில் இறங்கி எங்கள் பழைய தெருவுக்கு நடந்தேன். நாலரை வருஷமாக அந்தப் பக்கம் போனதே இல்லை. பலா மரம் இருந்தது, இன்னும் கொஞ்சம் பருத்து. அதன் கீழ் நின்று கஸ்தூரியம்மாளுக்குப் போன் செய்து ஒன்பதாவது பத்தியைச் சொன்னேன். தனகோட்டி வாசித்த மாதிரியே சொல்ல முயன்று பாதியில் சிக்கிக்கொண்டேன்.

"ஒரு ரூபாகூட கொறையாதுன்னு எழுதியிருக்காங்க அண்ணி. நீங்க சொல்லிக் குடுத்ததால ஒண்ணும் ஆவல."

அந்தப் பக்கம் அழுகைச் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "இருடி, உங்கண்ணன்கிட்ட சொல்லிட்டு வரேன்" என்று போனை அப்படியே வைத்துவிட்டு ஓடினார். அவர் அப்படி ஓடுவதைக் கேட்டு ரொம்ப நாள் ஆகியிருந்தது.

பின்பக்கத்திலிருந்து ஒரு சின்ன வயசுப் பெண் வாளியோடு வெளியே வந்தாள். மரத்தடியில் நிற்கும் என்னைப் பார்த்ததும் அவள் முகம் மாறியது. அந்த முகம் எனக்குத் தெரியும். கையில் கட்டுக் காகிதம் வேறு வைத்திருந்தேன்.

"யாரு வூடும்மா இது?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாதுதான், குறும்பு.

"அண்ணன் வூடுங்க. ஊர்லேருந்து வந்திருக்கோம்" என்றாள், ஒரே மூச்சில்.

"நல்லா இரும்மா" என்று சொல்லிவிட்டு வந்தேன்.

வீட்டில் மாமியார் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். எதிரில் உட்கார்ந்தேன். "உங்க புள்ள எந்த வருஷம் பொறந்தாரு?"

கை நின்றது. கீரையைப் பார்த்துக்கொண்டே, "கோர்ட்டுல கண்டுபுடிச்சிட்டாங்களா?" என்றார்.

"கண்டுபுடிச்சிட்டாங்க."

"உங்கப்பன்தான் கேட்டான். அஞ்சு வயசுக்கு மேல வித்தியாசம் இருந்தா பொண்ணு குடுக்கமாட்டேன்னு தரகர்கிட்ட சொல்லியனுப்பிட்டான். உன்னைப் பாத்துட்டு வந்து இவன் ரெண்டு நாளா சாப்பிடல. மூணு வருஷத்தைக் கொறைச்சுச் சொல்லிடும்மான்னான். ஜாதகத்தையும் மாத்தி எழுதி வாங்கிக்கினு வந்தான். அப்புறம் அட்டை எல்லாத்துலயும் அதையே குடுத்துட்டான். அவகிட்ட சொல்லிடாதன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கிக்கினான்." முந்தானையில் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் நீ நரை புடுங்குறப்ப எனக்குப் பக்குபக்குன்னு இருக்கும்."

நான் கோர்ட்டில் சொன்ன பொய்யால் ஒரு ரூபாயும் போகவில்லை. என்னைக் கட்டிக்கொள்வதற்காக அவர் சொன்ன பொய்க்கு ஒரு வருஷச் சம்பாத்தியம் போனது. போகட்டும். எதற்கு என்று சொல்லிவிட்டு எடுத்தார்கள். அடுத்த நாள் தனகோட்டிக்குப் போன் செய்து, "மேல எங்கயும் போவ வேணாங்க. கணக்கு சரியாயிருக்கு" என்றேன்.

இரண்டு வருஷமாக, அவரைத் தாண்டி மூத்துவிட்டேன் என்று கூசிக்கொண்டிருந்தேன். தாண்டவே இல்லை. அவருக்கு முப்பத்தாறு. போன ஆடியோடு எனக்கும் முப்பத்தாறு முடிந்தது. வருகிற ஆடி வரைக்கும் எனக்கும் அவருக்கும் ஒரே வயசு.